ஊமை மலையில் கவ்வாத்து

வெள்ளிமலைத் தோட்டம்,
தெமோதரை.
10.10.2023

விஜிக்கு,

நிமலன் எழுதுகிறேன். கிழித்துப் போடுவதென்றால் முதல் பக்கத்தைப் படித்துவிட்டுக் கிழி.

பஸ் ஏறும்போது, "ஒங்க கொரல இனிமே என் காதால கேக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டுப் போனாய். இந்த ஆறு வருஷத்தில் நானும் உனக்கு ஒரு போன் எடுத்ததில்லை. பசறையில் இருக்கும் உன் தம்பி ஜீவனிடம் உன் நம்பர் இருக்கிறது என்று தெரிந்தும் கேட்கவில்லை. விலாசத்தை மட்டும் கெஞ்சி வாங்கினேன். கடிதத்துக்குக் குரல் கிடையாதே, உன் சத்தியத்துக்கு ஒரு குறையும் வராது.

பத்து நாளாக ஊமை மலையில் கவ்வாத்து; தேயிலைச் செடிகளை முழங்கால் உயரத்துக்குக் குறைத்து வெட்டுகிறோம். தோட்டத்தை நடத்தப் புதுத் துரை ஒருவர் வந்திருக்கிறார், சின்ன வயது. மலையின் கதையைச் சொன்னதும் எங்களைப் பைத்தியங்கள் என்று நினைத்தார். "இந்த மலைச் செடிங்க பேச்சக் குடிக்கும் சேர். கத்தி படும்போது குடிச்சதக் கக்கும், ஒரே ஒரு தடவ" என்று நான் சொல்ல, அவர் சிரிக்க, முதல் செடியில் கத்தி வைத்தேன். செத்துப்போன பழைய துரை உள்ளே இருந்து, "வாட் இஸ் திஸ் நான்சென்ஸ்" என்று ஏசினார். புதுத் துரை தொப்பியைக் கழற்றி "சொறி சேர்" என்று மன்னிப்புக் கேட்டார். மலை முழுக்க ஒரே சிரிப்பு.

வழக்கம்போல இந்தத் தடவையும் வீட்டுக்கு வீடு சண்டைதான். ஜெயலெட்சுமி எப்போதோ கொழுந்து பறித்துக்கொண்டே மாமியாரைப் பற்றிப் பேசியதெல்லாம், அந்தக் கிழவி சாப்பாட்டுத் தூக்கோடு வந்து நிற்கும் நேரம் பார்த்து வெளியே வந்தது. இரண்டு நாளாக அந்த வீட்டில் அடுப்பு எரியவில்லை.

இதையெல்லாம் சொல்லி இழுத்துக்கொண்டிருக்கிறேன். சொல்ல வந்தது வேறு.

ஓடைப் பக்கத்து மூலை உனக்குத் தெரியும். 2017 கவ்வாத்தில் மலை முழுவதும் வெட்டி, அந்த மூலைக்கு வந்தபோதுதான் நம் தினி போனாள். அதற்குப் பிறகு அங்கே கத்தி வைக்க யாருக்கும் கை வரவில்லை. அதற்கு முன் வெட்டியது 2013இல்; பத்து வருஷத்துச் செடி இப்போது ஆளை மறைக்கும் உயரம். துரை அதையும் வெட்டச் சொல்லிவிட்டார். நவம்பர் 22, புதன்கிழமை.

நம் பிள்ளை கூப்பிட்ட சத்தம் அந்தச் செடிகளுக்குள்தான் இருக்கிறது. ஒரு தடவைதான் கேட்கும், பிறகு எந்த ஜென்மத்திலும் கேட்காது. நீ வர வேண்டும் விஜி. நான் வாயே திறக்க மாட்டேன். நீ கேட்டுவிட்டுத் திரும்பிப் போகலாம்.

நிமலன்


தெஹிவளை
19.10.2023

நிஷாந்தினியின் அப்பாவுக்கு,

கிழிக்கவில்லை. கிழித்திருக்கலாம் என்று இப்போது தோன்றுகிறது.

ரிஸ்கா அக்காவின் தையல் கடையில் பதினொரு மிசின். காலை எட்டு மணியிலிருந்து ஓயாமல் ஓடும். பக்கத்தில் இருப்பவள் பேசுவது காதில் விழாது. வேறு இடத்தில் நல்ல வேலை கிடைத்தும் நான் போகாததற்குக் காரணம் அதுதான். நீங்களோ வெந்த புண்ணில் வேல் பாய்ச்ச ஒரு தேதியும் குறித்து அனுப்பியிருக்கிறீர்கள்.

அன்று என்ன நடந்தது என்று என் வாயால் சொல்ல நீங்கள் விடவில்லை. இப்போது எழுதுகிறேன், படியுங்கள்.

கவ்வாத்து நாட்களில் ஊமை மலையில் யார் கூப்பிட்டாலும் பதில் சொல்லக் கூடாது, முகத்தைப் பார்த்த பிறகுதான் வாய் திறக்க வேண்டும். அந்தத் தோட்டத்தில் பிறந்த எல்லோருக்கும் பாலோடு ஊட்டிய பேச்சு அது. வெட்டுகிற செடியெல்லாம் நாலா பக்கமும் கூப்பிடும்போது ஒவ்வொன்றுக்கும் ஓடினால் என்ன ஆகும்? நான் கீழே கொழுந்து நிறுக்கும் இடத்தில் நின்றேன். மேலே ஒரு பிள்ளை "அம்மா" என்றது. மறுபடி கூப்பிட்டது. மூன்றாம் தடவையும் கூப்பிட்டது. பக்கத்தில் நின்ற ஜெயலெட்சுமி, "யாரு பெத்த புள்ளயோ, இந்நேரம் அதுக்குக் கலியாணமே ஆயிருக்கும்" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நான் சிரித்ததை இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை.

பள்ளிக்கூடம் அன்று பாதியில் விட்டதும், குறுக்கு வழியில் என்னைத் தேடி வந்ததும், ஓடையில் தண்ணீர் ஏறி அவள் நடுப் பாறையில் மாட்டிக்கொண்டதும் எனக்கு எப்படித் தெரியும்? ஆறு வயதுப் பிள்ளை பாறையில் நின்று கூப்பிட்டிருக்கிறது. ஆள் வரவில்லை என்றதும் தானே தாண்டப் பார்த்திருக்கிறது.

அவளைத் தூக்கிக்கொண்டு வந்தபோது தோட்டமே நின்றது. அத்தனை பேர் முன்னால் நீங்கள் என்னைக் கேட்டீர்கள்: "பெத்த புள்ள கொரல் தெரியாத நீயெல்லாம் ஒரு தாயா?"

பதினாறாம் நாள் காரியம் முடியும் வரை நான் இருந்தது அவளுக்காக.

இப்போது எதைக் கேட்க வரச் சொல்கிறீர்கள்? என் பிள்ளை கூப்பிட்டும் நான் போகாமல் நின்றதை இன்னொரு தடவை கேட்கவா? வெட்ட விடாதீர்கள். அவள் சத்தம் அந்தச் செடிக்குள்ளேயே இருக்கட்டும். என்னைக் கட்டியவர் என்று உங்களிடம் நான் கேட்பது இது ஒன்றுதான்.

விஜயலெட்சுமி


வெள்ளிமலைத் தோட்டம்
27.10.2023

விஜிக்கு,

உன் கடிதம் காலைப் பெரட்டில், ஆள் கணக்கெடுக்கும் நேரத்தில், எல்லோரும் பார்க்க என் கைக்கு வந்தது. உன் எழுத்தைப் பார்த்ததும் பெண்களெல்லாம் எட்டிப் பார்த்தார்கள். பொன்னையா அண்ணன் மட்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அன்று மலையில் என்னோடு ஜோடியாக வெட்டியவர் அவர்தான்.

நீ சிரித்ததை எழுதியிருந்தாய். அந்த வரியோடு மடித்து வைத்தேன், மீதியை இரவில்தான் படித்தேன்.

நீ சொன்னபடி துரையிடம் போனேன். அந்த மூலையை விட்டுவிடச் சொல்லிக் கேட்டேன். நல்ல மனுஷர், உட்கார வைத்துப் பேசினார். ஆனால் வெட்டாத செடியை அவர் வைத்துக்கொள்ள மாட்டார். "வெட்ட ஏலாட்டி வேரோட புடுங்கி எரிச்சிட்டு மரக்கன்னு வைப்போம்" என்கிறார். முன்பு ஊமை மலையின் ஆறாம் நம்பர் துண்டை எரித்தார்களே, ஞாபகம் இருக்கிறதா? ஒரு முனகல்கூட வெளியே வரவில்லை. உள்ளே இருந்த பேச்செல்லாம் புகையோடு புகையாய்ப் போனது.

அவள் சத்தம் உள்ளேயே இருக்கட்டும் என்கிறாய். அதற்கு இனி இடம் இல்லை விஜி. வெட்டினால் ஒரு தடவை கேட்கலாம், எரித்தால் அதுவும் கிடையாது. அதனால் அந்த மூலையை நான் ஒருவனே வெட்டுவதாகக் கேட்டு வாங்கிவிட்டேன். வேறொருவன் கத்தியில் என் பிள்ளை சத்தம் வர வேண்டாம்.

லய வரிசையில் நம் ஒற்றை அறைக் காம்பரா அப்படியேதான் இருக்கிறது. ரொட்டி சுடப் பழகிவிட்டேன். தேங்காய் துருவினால் சிரட்டையும் சேர்ந்து வருகிறது, மற்றபடி தின்னலாம். நீ ஒரு நாள் தின்று பார்த்துவிட்டு ஏச மாட்டாயா என்று இருக்கிறது. ஏச்சுக்கும் ஏங்குவானா ஒருவன் என்று கேட்காதே. ஏங்குகிறான்.

உன்னிடம் சொல்ல வேண்டியது இன்னும் ஒன்று இருக்கிறது. மூன்று தடவை எழுதி மூன்று தடவை கிழித்துவிட்டேன். இந்தக் கடிதத்தில் வேண்டாம்.

நிமலன்


தெஹிவளை
05.11.2023

நிஷாந்தினியின் அப்பாவுக்கு,

எரிக்க விடாதீர்கள். வெட்டுங்கள்.

ஒன்று எழுதுகிறேன், யாரிடமும் சொல்லாதீர்கள். தினியின் குரல் எனக்கு மறந்துவிட்டது.

முகம் இருக்கிறது. பள்ளிக்கூடத்தில் எடுத்த படம் என் பெட்டியில் இருக்கிறது. அவள் பேசிய பேச்சும் இருக்கிறது. ரொட்டியில் விரலால் ஓட்டை போட்டு, "அம்மா, ரொட்டிக்குக் கண்ணு வந்துருச்சு" என்பாளே, அந்தச் சொல் ஒவ்வொன்றும் ஞாபகம் இருக்கிறது. ஆனால் நினைத்துப் பார்க்கும்போது அதையெல்லாம் என் குரலில்தான் கேட்கிறேன். அவளுடைய குரல் எங்கே போனதென்று தெரியவில்லை. அப்போது நம்மிடம் இருந்தது பட்டன் போன், ஒரு வீடியோகூட எடுக்கவில்லை.

ரிஸ்கா அக்காவின் மகள் பள்ளிக்கூடம் விட்டுக் கடைக்கு வரும்போது வாசலிலேயே "உம்மா" என்று கத்துவாள். அக்கா எந்த மிசின் சத்தத்திலும் அதைக் கேட்டு எழுந்துவிடுவார். எனக்கு வயிறு எரியும். அந்தப் பிள்ளை மேல் கோபம் இல்லை, எனக்கு ஏன் அது வாய்க்கவில்லை என்றுதான். நீங்கள் கேட்டது சரியோ என்று அப்போதெல்லாம் நினைப்பேன். பெற்றவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும்தானே?

உங்களை நினைக்காத நாள் ஒன்று உண்டு என்று எழுதினால் அது பொய். கோபமும் இருக்கிறது, நினைப்பும் இருக்கிறது. தனியாகத் தலை வாரும்போது, வேலை முடிந்து வந்ததும் என் சீப்பைத் தேடி எடுத்து உங்கள் தலையை வாரிக்கொண்டு முடியோடு வைப்பீர்களே, அதற்காக நான் போட்ட சண்டையெல்லாம் நினைவு வரும். இங்கே என் சீப்பை யாரும் தொடுவதில்லை.

வருவதா வேண்டாமா என்று இன்னும் முடிவு பண்ணவில்லை. கேட்டு அது அவள் பயந்து அழுகிற குரலாக இருந்தால் நான் எப்படித் தாங்குவேன்?

சொல்ல வேண்டியது என்று ஒன்றை எழுதியிருந்தீர்களே. அது என்ன? என்னவானாலும் எழுதுங்கள்.

விஜயலெட்சுமி


வெள்ளிமலைத் தோட்டம்
11.11.2023

விஜி,

நாளைக்குத் தீபாவளி. லயத்தில் பலகார வாசம். நான் கதவைச் சாத்திக்கொண்டு இதை எழுதுகிறேன்.

அன்று நீ நின்றது கீழே, நிறுக்கும் இடத்தில். நான் எங்கே நின்றேன் என்று நீ கேட்டதே இல்லை. வேறு யாரும் கேட்கவில்லை. நான் அந்த மூலைக்கு இரண்டு நிரை தள்ளி நின்றேன். உன்னைவிட நான்தான் பக்கத்தில் இருந்தேன்.

"அம்மா" என்றது எனக்கும் கேட்டது.

அப்போதுதான் ஒரு செடியை வெட்டி முடித்திருந்தேன். பொன்னையா அண்ணன் நிமிர்ந்து பார்த்து, "டேய் நிமலா, யாரோ கூப்புடுற மாதிரி இல்ல?" என்றார். "நான் இப்ப வெட்டுன செடிண்ணே. பழசு" என்றேன். அடுத்த செடிக்குக் குனிந்துவிட்டேன். இரண்டாம் தடவை கேட்டபோது நிமிரவே இல்லை. இருபது அடி நடந்து எட்டிப் பார்த்திருந்தால் பாறையில் நின்ற பிள்ளையைப் பார்த்திருப்பேன்.

அவளைத் தூக்கி வந்தபோது இதுதான் தொண்டையில் நின்றது. இதைச் சொன்னால் நான் செத்தேன் என்று இருந்தது. வாயைத் திறந்தேன், உன்னைக் கேட்ட கேள்வி வந்தது. என்னைக் கேட்க வேண்டியதை உன் தலையில் போட்டேன். நீ அதைச் சுமந்துகொண்டு கொழும்புப் பக்கம் போனாய். நான் இங்கே பிள்ளையைப் பறிகொடுத்தவன், பெண்டாட்டியும் விட்டுப்போனவன் என்று எல்லோருடைய பரிதாபத்தையும் வாங்கித் தின்றுகொண்டிருக்கிறேன். பொன்னையா அண்ணன் இன்றுவரை ஒரு வார்த்தை வெளியே விடவில்லை. என்னோடு ஒரு வாய்த் தேத்தண்ணியும் குடித்ததில்லை.

22ஆம் தேதி தினியின் சத்தம் வரும்போது என் பேச்சும் அதோடு வரும். தோட்டம் முழுவதும் கேட்கும். அதற்கு முன்னால் என் கையாலேயே உனக்குத் தெரிய வேண்டும் என்று எழுதுகிறேன். மாட்டிக்கொள்ளப் போகிறவன் முந்திக்கொண்டான் என்று நீ சொல்லலாம். அதுவும் உண்மைதான். எரித்துவிடுவோம் என்று துரை சொன்ன அன்று, ஒரு நிமிஷம், 'சரி எரியட்டும்' என்று நினைத்தேன். அதையும் மறைக்கவில்லை.

மன்னிப்புக் கேட்க எனக்கு வாய் இல்லை. நீ வராமல் இருந்துவிடாதே. என் மேல் இருக்கிற வெறுப்பில் அவள் குரலை விட்டுவிடாதே.

நிமலன்


தெஹிவளை
16.11.2023

ஆறு வருஷம் ஒவ்வொரு நாளும் உங்கள் கேள்விக்கு நான் பதில் தேடினேன். சோற்றில் கை வைக்கும்போதும் தேடினேன். நீங்கள் அங்கே ரொட்டி சுடப் பழகினீர்கள்.

புதன்கிழமை வருகிறேன். என் பிள்ளைக்காக வருகிறேன். அன்று நின்ற அதே இடத்தில் நிற்பேன். வெட்டி முடிக்கும்வரை நீங்கள் மேலேயே இருங்கள். என் பக்கம் இறங்கி வர வேண்டாம்.

விஜயலெட்சுமி


தெஹிவளை
28.11.2023

நிமலன் மாமாவுக்கு,

ஒன்றும் பேசாமல் ஸ்டேசனுக்குப் போய்க் கோச்சி ஏறி வந்துவிட்டேன். பேசியிருந்தால் என்ன பேசியிருப்பேன் என்று எனக்கே தெரியாது. நீங்கள் மேலே இருந்தீர்கள். கீழே நடந்தது உங்களுக்கு முழுதாகத் தெரிந்திருக்காது, அதை எழுதுகிறேன்.

ஏழரை மணிக்கே நிறுக்கும் இடத்துக்கு வந்துவிட்டேன். ஜெயலெட்சுமி என்னைக் கண்டதும் அழுதாள். "அன்னைக்கு என் வாயில அந்தப் பேச்சு வந்திருக்கக் கூடாதுடி" என்றாள். மற்றப் பெண்களும் கூடையை இறக்கிவிட்டுச் சுற்றி நின்றார்கள். வேலை நின்றதற்குக் கங்காணி ஏசவில்லை.

முதலில் வந்ததெல்லாம் இருமலும் பாட்டும். யாரோ கிரிக்கெட் ஸ்கோர் கேட்டான், யாரும் சொல்லவில்லை. பிறகு ஒரு "அம்மா" வந்தது. ஜெயலெட்சுமி என் கையைப் பிடித்துக்கொண்டு, "இதுவாடி?" என்று கேட்டாள்.

எனக்குத் தெரியவில்லை.

கொஞ்சம் தள்ளி வேறொரு செடியிலிருந்து இன்னொரு பிள்ளை கூப்பிட்டது. அதுவும் மூன்று தடவை. தெரியவில்லை. பத்து வருஷத்தில் எத்தனை பிள்ளைகள் அந்த வழியே போயிருக்கும், அம்மாவைத் தேடுகிற பிள்ளை எது ஒரு தடவையோடு விட்டது? எல்லாக் குரலும் தினியுடையது மாதிரி இருந்தது, ஒன்றும் அவளுடையது மாதிரி இல்லை. ஆறு வருஷம் ஏங்கிவிட்டு வந்து, காதைத் தீட்டிக்கொண்டு நின்றும், பெற்றவளுக்குத் தெரியவில்லை மாமா. நீங்கள் கேட்ட கேள்விக்கு இதுதான் பதில். தெரியாது. யாருக்கும் தெரியாது.

மூன்றாவதாக ஒரு பிள்ளை கூப்பிட்டபோது என்னால் சும்மா நிற்க முடியவில்லை. யார் பெற்றதாக இருந்தால் என்ன, "என்னடா கண்ணு?" என்று கேட்டுவிட்டேன். கவ்வாத்து மலையில் பதில் சொன்னவள் என்று கிழவிகள் தங்கள் வாயைப் பொத்தினார்கள். அடுத்த குரலுக்கு ஜெயலெட்சுமி, "என்னா தங்கம்?" என்றாள். பிறகு ஒருத்தி மாற்றி ஒருத்தி எல்லோரும் பதில் சொன்னோம். அந்தப் பிள்ளைகளில் பாதிப் பேருக்கு இப்போது மீசை முளைத்திருக்கும். பொன்னையா அண்ணனின் மகன், என் பக்கத்தில் நின்றவன், தன் சின்ன வயதுச் சத்தத்தைக் கேட்டுத் தலையைக் குனிந்துகொண்டான்.

பதினொரு மணி இருக்கும். ஓடைக் கரைச் செடிக்கு நீங்கள் போனீர்கள். மறுபடியும் "அம்மா" வந்தது. பயந்த குரல் இல்லை. கொஞ்சம் கோபம், கொஞ்சம் சிணுங்கல், ஏன் இன்னும் வரவில்லை என்கிற மாதிரி. அதற்கும் நான் மற்றப் பிள்ளைகளுக்குச் சொன்னதையே சொன்னேன். உடனே அதே செடியிலிருந்து பொன்னையா அண்ணனின் குரல், "யாரோ கூப்புடுற மாதிரி இல்ல?" என்றது. பிறகு நீங்கள்.

"நான் இப்ப வெட்டுன செடிண்ணே. பழசு."

உங்கள் குரல் வந்துதான், முன்னால் வந்தது என் தினி என்று எனக்குத் தெரிந்தது. அந்தப் பேச்சை நீங்கள் அன்று பேசாமல் இருந்திருந்தால் நான் அவள் குரலை அடையாளம் தெரியாமலேயே திரும்பி வந்திருப்பேன். பேசாமல் போய்ப் பார்த்திருந்தால் அவளே இருந்திருப்பாள். இதை எப்படி நினைத்தாலும் நெஞ்சு ஆறவில்லை.

எவ்வளவு சாதாரணமாகச் சொன்னீர்கள் தெரியுமா? உப்புப் போட்டாச்சா என்றால் போட்டாச்சு என்பது போல. அதைக் கேட்டபோது எனக்குக் கோபம் வரும் என்று நினைத்தேன். நான் சிரித்ததும் அப்படித்தானே இருந்திருக்கும் என்று தோன்றியது. நாம் இரண்டு பேரும் அன்று வேலை செய்துகொண்டிருந்தோம், அவ்வளவுதான்.

மேலே கத்தி கீழே விழுந்ததும், நீங்கள் மண்ணில் உட்கார்ந்ததும் தெரிந்தது. பொன்னையா அண்ணன் தேத்தண்ணிப் போத்தலோடு உங்களிடம் ஏறிப் போனதைப் பார்த்த பிறகுதான் நான் ஸ்டேசனுக்கு நடந்தேன்.

ரிஸ்கா அக்காவிடம் சொல்லிவிட்டேன். தை பிறக்கும் முன்னால் வந்துவிடுவேன். மன்னித்துவிட்டேன் என்று நினைத்துக்கொண்டு சந்தோஷப்பட வேண்டாம். ஆறு வருஷத்துச் சண்டை பாக்கி இருக்கிறது, அதைக் கடிதத்தில் போட்டு முடியாது. ஒரே வீட்டில் இருந்தால்தான் ஆகும்.

உங்கள் குரல் ஓய்ந்ததும் அவள் மறுபடி கூப்பிட்டாளே, நீங்கள் நிமிராமல் விட்ட அந்த இரண்டாம் தடவை, அதற்கு நான் சொன்ன பதில் மேலே கேட்டதோ என்னவோ. கத்தித்தான் சொன்னேன்.

"இந்தா வந்துட்டேன் தங்கம். பாறையிலயே அசையாம நில்லு."

விஜி